அந்த ஆளைச் சிரிச்சிடு

படுக்கையில் கிடந்த உசாமி தெய்ஸோவின் வலது கை காற்றில் ஒரு கைப்பிடியைச் சுற்றிக்கொண்டிருந்தது. இடது கையின் இரண்டு விரல்களுக்கு நடுவே, வேறு யார் கண்ணுக்கும் தெரியாத ஃபிலிம் ஓடிக்கொண்டிருந்தது. திடீரென்று சுற்றுவதை நிறுத்துவார். விரல் நுனியை நாக்கில் தொட்டு, ஃபிலிமின் ஒரு முனையை ஈரமாக்கி, இன்னொரு முனையை அதன்மேல் வைத்து நகத்தால் அழுத்துவார். தலையைச் சாய்த்து ஒட்டைச் சரிபார்ப்பார். பிறகு மறுபடி சுற்றத் தொடங்குவார்.

நாக்கு வெளியே வரும் அந்த நொடிக்காக மிட்சுயோ கஞ்சிக் கரண்டியோடு காத்திருந்தாள். நாக்கு வந்தது. கரண்டி போனது. வாய் மூடிக்கொண்டது. கஞ்சி தாடையில் வழிந்தது.

"திருட்டு வேலை பலிக்கலையா?" என்று கேட்டாள் வாசலில் நின்ற தோமியே. ஊர் டைரக்டர் என்று அழைக்கும் உசாமியின் தங்கை அவள். புருஷனோடு சேர்ந்து துறைமுகத் தெருவில் சலூன் நடத்தி, அவர் போனபின் கடையை மூடிவிட்டு அண்ணன் வீட்டோடு வந்துவிட்டவள்.

"உங்க அண்ணன் என்னைவிடக் கெட்டிக்காரர்," என்று மிட்சுயோ துணியை நனைத்துத் தாடையைத் துடைத்தாள்.

வீடு வீடாகப் போய் வயதானவர்களைக் குளிப்பாட்டி, ஊட்டி, துணி மாற்றிவிடும் வேலையிலேயே தலை நரைத்தவள் மிட்சுயோ. அவளுக்கு முன்னால் இந்த வீட்டுக்கு வந்த பெண் ஒரு வாரம்கூடத் தங்கவில்லை. படுக்கையில் கிடந்த கிழவர் கூரையைக் காட்டி, "அதைக் கொன்னுடு" என்றாராம். எதை என்று கேட்டதற்கு, "அதைத்தான், சீக்கிரம் கொல்லு" என்று கத்தினாராம். மேலே தொங்கியது ஒரு விளக்கு மட்டும்தான். அந்தப் பெண் கோட்டைக்கூடப் போட்டுக்கொள்ளாமல் பனியில் ஓடிவிட்டாள். அலுவலகத்தில் மிட்சுயோவிடம், "நீங்கதான் எதுக்கும் அசைய மாட்டீங்களே" என்று சொல்லி அனுப்பிவைத்தார்கள்.

கிழவர் மிட்சுயோவிடம் எதையும் கொல்லச் சொல்லவில்லை. சாப்பிடத்தான் மறுத்தார். புத்தாண்டுக்கு முன்பு கிண்ணம் நிறையச் சாப்பிட்டவர், பிறகு அரைக் கிண்ணம், பிறகு நாலைந்து கரண்டி என்று குறைந்து, இந்த வாரம் தண்ணீரையும் துப்பினார். டாக்டர் வந்து தொண்டையைத் தடவிப் பார்த்தார்.

"விழுங்கத் தெரியுது. விழுங்க மாட்டேங்கறார். வெள்ளிக்கிழமை காலையில திரும்ப வர்றேன். அதுக்குள்ள வாய்வழியா எதுவும் போகலைன்னா ஆஸ்பத்திரிதான். வயித்துல குழாய் வைக்கணும்."

அவர் போனபின் தோமியே அடுக்களையில் நின்று முள்ளங்கியை நறுக்கினாள். தேவைக்கு மேல் நறுக்கிக்கொண்டே போனாள்.

"எங்க அம்மா அந்தக் குழாயோட வருஷக்கணக்கா கூரையைப் பார்த்துக்கிட்டே கிடந்தாங்க, மிட்சுயோ-சான். கடைசியில நான் யாருன்னு அவங்களுக்கும் தெரியலை, அவங்க யாருன்னு எனக்கும் தெரியலை. அண்ணன் நல்லா இருந்தப்போ என்கிட்ட ஒண்ணே ஒண்ணுதான் கேட்டார். தோமியே, என்னை அப்படிக் கிடக்க விட்டுடாதேன்னு."

"வெள்ளிக்கிழமை வரைக்கும் நேரம் இருக்கு. முள்ளங்கியை விடுங்க. ஊருக்கே சமைக்கப் போறீங்களா?"

குரோஹமா சின்னத் துறைமுகம். குளிர்காலத்தில் கடலும் வானமும் ஒரே நிறத்தில் கிடக்கும். அந்த ஊரில் உசாமியை டைரக்டர் என்று அழைத்தவர்களில் பாதிப் பேர் கேலியாகத்தான் அழைத்தார்கள். அப்பா மீனை விழுதாக அரைத்துப் பலகையில் அழுத்தி வேகவைத்து விற்றவர். மகன் டோக்கியோவில் ஒரு ஸ்டூடியோவில் கொஞ்ச காலம் எடுபிடியாக இருந்தான். "ஊரான் நாற்காலியைத் தூக்கவா நான் பொறந்தேன்" என்று சொல்லிவிட்டு, பழைய காமிரா ஒன்றோடு ஊர் திரும்பினான். அதன்பிறகு வசந்தத்தில் பள்ளிக்கூட விழா, இலையுதிர்காலத்தில் கல்யாணம் என்று கூலிக்குப் படம் பிடித்தார். குளிர்காலத்தில் தன் படத்தை எடுத்தார். அப்போதுதான் மீனவர்கள் சும்மா இருப்பார்கள், நடிக்க ஆள் கிடைக்கும்.

நடிக்க வந்தவர்களுக்கு வசனம் கொடுக்க மாட்டார். வேலை கொடுப்பார். வலையைத் தை, பேரீச்சம்பழம்போல் காயவைக்கும் சீமைப் பனிச்சையை உரி, பாட்டியின் காலை அமுக்கு. காமிராவை, தரையில் உட்கார்ந்திருப்பவரின் கண் உயரத்தில் வைத்துவிட்டால் பிறகு நகர்த்த மாட்டார். ஒரே லென்ஸ்தான். பாட்டு இல்லை, வாத்தியம் இல்லை. "ஸ்டார்ட்" என்று கத்தவும் மாட்டார். தூக்கிய கையை மெல்ல இறக்குவார், அவ்வளவுதான். ஆள் இல்லாத அறையை அவர் பிடிக்கும் விதம்தான் அவர் அடையாளமாகிப் போனது. வேலை முடித்து எல்லோரும் எழுந்து போய்விடுவார்கள். காமிரா ஓடிக்கொண்டேயிருக்கும். பாய், சுவர், ஜன்னல் வெளிச்சம், வேறொன்றும் இருக்காது. பார்ப்பவன் கொட்டாவி விட்டு, நெளிந்து, பிறகு என்னவென்று தெரியாமல் முதுகு சில்லிட்டு உட்கார்ந்திருப்பான். எந்தக் காரணமும் இல்லாத ஒரு நொடியில் காட்சி முடிந்துவிடும்.

'வலைக் கிடங்கு' என்ற படம் ஐரோப்பாவில் ஏதோ ஒரு விழாவுக்குப் போனது. அங்கே ஒருவர், "இவர் வெறுமையையே நடிக்க வைக்கிறார்" என்று எழுதினார். நகராட்சி மண்டபத்தில் அந்த வரியைப் பெரிதாக எழுதி மாட்டி, படத்தையும் போட்டார்கள். ஊர் ஜனம் பாதியில் எழுந்துபோய் வெளியே சூடாக மீன் சூப் குடித்தது. கல்யாணம் செய்துகொள்ள அவருக்கு நேரம் வாய்க்கவில்லை. வாய்த்தபோது பெண் வாய்க்கவில்லை. தோமியே அண்ணனின் ஒரு படத்தையும் முழுசாகப் பார்த்ததில்லை. படப்பிடிப்புப் பக்கம் ஒருநாளும் போனதில்லை. "காலி அறையைப் பார்க்க நான் எதுக்குச் சினிமாவுக்குப் போகணும்? என் சலூனே பாதி நாள் காலியாத்தான் கிடந்துச்சு."

புதன்கிழமை தோமியே மீன் வாங்கப் போயிருந்த நேரத்தில் டைரக்டரின் கை சுற்றுவதை நிறுத்தியது. அவர் கண்கள் படுக்கையின் கால்மாட்டில், சாப்பாட்டுத் தட்டு வைக்கும் மேசைக்கு அந்தப் பக்கம் போய் நின்றன.

"இன்னும் போகலை," என்றார்.

மிட்சுயோ திரும்பிப் பார்த்தாள். பாய். மண்ணெண்ணெய் அடுப்பு. அதன்மேல் கெட்டில். யாரும் இல்லை. இந்த வேலையில் இது புதிதல்ல. திரைச்சீலைக் கம்பியில் குழந்தைகள் வரிசையாக உட்கார்ந்திருப்பதைப் பார்த்த கிழவிகளும், அலமாரிக்குள் சிப்பாய்களைக் கண்ட கிழவர்களும் அவள் கையில் உயிர் விட்டிருக்கிறார்கள். பயிற்சியில் சொன்னது அவளுக்கு நினைவிருந்தது: இல்லையென்று சாதிக்காதே, ஆமென்று தலையாட்டாதே, கேள்வி கேள்.

"என்ன உடுத்தியிருக்கார், டைரக்டர்?"

"சாம்பல் கோட்டு. குட்டை. தொப்பியைக் கழட்டி முழங்கால்மேல வெச்சிருக்கார். மரியாதையானவர்."

"என்ன செய்யறார்?"

"உக்காந்திருக்கார்." கிழவர் கால்மாட்டை நோக்கி விரலை நீட்டினார். "அந்த ஆளைச் சிரி."

"சிரிக்கவா?"

"சிரி. அவரைச் சிரிச்சிடு. சட்டுனு."

நோயாளி சிரிக்கச் சொன்னால் சிரிப்பதில் என்ன நஷ்டம்? மிட்சுயோ கால்மாட்டுப் பக்கம் பார்த்துச் சிரித்தாள். டைரக்டர் தலையணையில் தலையை அடித்துக்கொண்டார். "சிரின்னு சொன்னா சிரிக்கிறா! சிரி! சிரி!"

மீனோடு திரும்பிய தோமியேவிடம் விஷயத்தைச் சொன்னபோது அவளுக்கும் வேறு வழி தெரியவில்லை. "உங்க சிரிப்புல உயிரில்லை போல. ரெண்டு பேருமா சிரிச்சுப் பார்ப்போம். சின்ன வயசுல நான் சிரிச்சா அவரும் சிரிப்பார்."

இரண்டு கிழவிகளும் கால்மாட்டில் அருகருகே நின்று, காலிப் பாயைப் பார்த்துச் சிரித்தார்கள். ஏப்ரன் ஒருத்திக்கு, கையில் மீன் பொட்டலம் இன்னொருத்திக்கு. முதலில் வராத சிரிப்பு, ஒருத்தி மூஞ்சியை இன்னொருத்தி பார்த்ததும் உண்மையாகவே வந்துவிட்டது. படுக்கையில் கிழவரின் கண்ணோரத்தில் நீர் வழிந்து காதுக்குள் இறங்கியது. அதைப் பார்த்ததும் நிறுத்தினார்கள்.

அடுக்களைக்கு வந்தபின் தோமியே தாழ்ந்த குரலில், "அவர் அழறதைப் பார்த்தப்புறமும் நீங்க நிறுத்தாம சிரிச்சீங்களே, மிட்சுயோ-சான். எனக்கு என்னவோ போலாயிடுச்சு," என்றாள்.

"நானா? உங்களுக்கு முன்னாடியே நான் நிறுத்திட்டேன்."

தோமியே மீன் பொட்டலத்தைப் பிரித்தாள். மறுபடி மூடினாள்.

வியாழக்கிழமை மதியச் சாப்பாடு நேரம் தாண்டி, கஞ்சி ஆறி ஆடை படிந்தபிறகு, வாசற்கதவு இழுபடும் சத்தம் கேட்டது.

"காலை வணக்கம், டைரக்டர்!"

வந்தவர் கபாஷிமா. ஒருகாலத்தில் உசாமியின் ஒரே உதவியாளர். இப்போது பக்கத்து ஊரில் குளியல்தொட்டிக்குத் தண்ணீர் காயவைக்கும் பாய்லர் விற்கிறார். கையில் ஆரஞ்சுப் பை.

"மத்தியானம் திரும்பியாச்சு. காலை வணக்கமாம்," என்றாள் தோமியே.

"சினிமாக்காரனுக்கு எந்நேரமும் காலைதான், அக்கா. பொழுது சாயற நேரத்துல வேலைக்கு வந்தாலும் காலை வணக்கம்தான் சொல்லணும்." படுக்கையைப் பார்த்ததும் அவர் குரல் இறங்கிவிட்டது. "டைரக்டர், என்ன இப்படி உடம்பைக் கரைச்சுட்டீங்க?"

டைரக்டர் அவரை அடையாளம் கண்டுகொண்டார். விரல் கால்மாட்டைக் காட்டியது. "கபா. நீ வந்துட்டியா. அந்த ஆளைச் சிரிச்சிடு."

கபாஷிமாவின் கையிலிருந்த ஆரஞ்சுப் பை தரையில் விழுந்தது. பை கிழிந்து ஒரு பழம் உருண்டு ஓடியது. அவர் அதை எடுக்கவில்லை. கால்மாட்டைப் பார்க்காமல், நேராக அடுக்களைக்கு நடந்து, தண்ணீர் கேட்டார்.

"இதையேதான் நேத்துலேர்ந்து சொல்றார். நாங்களும் பைத்தியக்காரிங்க மாதிரி சிரிச்சுக்கிட்டு நிக்கிறோம்," என்றாள் மிட்சுயோ.

கபாஷிமா தண்ணீர்க் குவளையை வாயிலிருந்து எடுத்தார். "சிரிச்சீங்களா? அவரைப் பார்த்தா?"

"பின்னே? சிரின்னா என்ன செய்யறது?"

"ஐயோ, அம்மா." அவர் நெற்றியைத் தேய்த்தார். "எங்க தொழில்ல சிரின்னா எடுத்துடுன்னு அர்த்தம். படம் பிடிக்கிற இடத்துல குறுக்கே ஒரு நாற்காலி கிடந்தா, நாற்காலியைச் சிரின்னு சொல்வோம். போய் எடுத்துட்டு வருவோம். விளக்கை அணைக்கணும்னா கொல்லுன்னு சொல்வோம்."

தோமியே கூரை விளக்கை நினைத்துக்கொண்டாள். "பாவம், அந்தப் பொண்ணு," என்று வாயைப் பொத்தினாள்.

"அப்போ அவர் யாரையோ எடுக்கச் சொல்றார்," என்றாள் மிட்சுயோ. "அங்கதான் யாரும் இல்லையே?"

"அன்னிக்கும் இருந்ததில்லை." கபாஷிமா உட்கார்ந்தார். "முதல் படத்துலேர்ந்தே அப்படித்தான். காமிரா வெச்சு, எல்லாம் தயாரா இருக்கும். கபா, அந்த ஆளைச் சிரின்னு சொல்வார். நான் பார்ப்பேன், காலி அறை. டைரக்டர் சொன்னா எதிர்க் கேள்வி கேட்க முடியுமா? போய் அந்த இடத்துல குனிஞ்சு, ஐயா, மன்னிச்சுக்கணும், கொஞ்சம் இந்தப் பக்கம் வாங்கன்னு காத்துக்கிட்ட சொல்லி, கையைக் காட்டிக் கூட்டிக்கிட்டு வெளியே வருவேன். நடிக்க வந்த மீன்காரங்க விழுந்து விழுந்து சிரிப்பாங்க. டைரக்டருக்கு ஏதோ சடங்குன்னு நெனச்சேன். சில நாள் அந்த ஆள் எழுந்திருக்க மாட்டார் போல. அப்போ டைரக்டர் காமிராவை ஓடவிட்டுட்டுக் காத்திருப்பார். அந்த ஆளே வெட்கப்பட்டு எழுந்து போயிடுவார், பொறுன்னு என் காதுல சொல்வார். ஃபிலிம் விக்கிற விலையில!"

"வெறுமையை நடிக்க வெச்சார்னு எழுதினாங்களே?" என்றாள் தோமியே.

"வெறுமையாவது மண்ணாவது. அந்த ஆள் எழுந்து போகட்டும்னு உக்காந்திருந்தோம். ஃபிலிமை வெட்டி ஒட்டற மேசையிலயும் அதேதான். சுத்திக்கிட்டே வருவார், ஒரு இடத்துல நிறுத்தி, இதோ போயிட்டார்னு சொல்லி அங்க வெட்டுவார். எனக்கு அதுக்கு முன்னாலயும் பாய்தான், பின்னாலயும் பாய்தான்."

"நீங்க ஏன் விட்டுட்டுப் போனீங்க?" என்று கேட்டாள் மிட்சுயோ.

கபாஷிமா குவளையை மேசைமேல் சுழற்றினார். "நகராட்சி மண்டபத்துல 'வலைக் கிடங்கு' போட்டோமே, அன்னிக்கு முன் வரிசையில ஒருத்தி மடியில கைக்குழந்தை. காலி அறைக் காட்சி வந்துச்சு. குழந்தை திரையோட இடது பக்கத்தையே பார்த்துக்கிட்டிருந்துச்சு. அப்புறம் தலையைத் திருப்பிச்சு. மெதுவா, வலது பக்கமா, யாரோ நடந்து போறதைப் பார்க்கிற மாதிரி. அதோட பார்வை திரையோட விளிம்பைத் தொட்ட அந்த நொடியில காட்சி வெட்டிச்சு." அவர் எழுந்துகொண்டார். "மறுவாரம் பாய்லர் கம்பெனியில சேர்ந்துட்டேன். பாய்லர் நல்ல தொழில். ஓடலைன்னா ஓடலைன்னு தெரிஞ்சுடும்."

"அவர் உங்களைத்தானே கேட்கறார். ஒரு தடவை செய்யுங்களேன்," என்றாள் தோமியே.

"மாட்டேன், அக்கா. நீங்க செருப்பால அடிச்சாலும் மாட்டேன். அன்னிக்கு அங்க யாரும் இல்லைன்னு நெனச்சதாலதான் கையைக் காட்டிக் கூப்பிட்டேன்."

மிட்சுயோ ஏப்ரனை இழுத்துக் கட்டிக்கொண்டாள். விஷயம் அவளுக்கு இப்போது தெளிவாக இருந்தது. இந்த மனிதர் காட்சியில் வேறொருவர் இருக்கும்வரை எதையும் தொடங்க மாட்டார். சாப்பாட்டையும்தான். பசியோடு தட்டுக்கு முன்னால் கை தூக்கிக் காத்திருக்கிறார். "என்ன சொல்லணும்னு சொல்லிக் கொடுங்க. மத்ததை நான் பார்த்துக்கறேன்."

அவள் கால்மாட்டுக்குப் போய் முழங்கால் போட்டு உட்கார்ந்தாள். காலிப் பாயைப் பார்த்து, நோயாளிகளிடம் பேசும் அதே சத்தமான, தெளிவான குரலில் பேசினாள்.

"ஐயா, மன்னிச்சுக்கணும். ரொம்ப நேரமா உக்கார வெச்சுட்டோம். கொஞ்சம் இந்தப் பக்கம் வாங்க."

எழுந்து, ஒரு கையைத் தாங்குவதுபோல் மடக்கி வைத்துக்கொண்டு, கதவுப் பக்கம் நடந்தாள். நடந்தபடியே டைரக்டரைத் திரும்பிப் பார்த்தாள். அவர் கண்கள் அவள்மேல் இல்லை. அவளுக்குப் பின்னால், எதையோ பின்தொடர்ந்து தள்ளி வந்தன. தான் வேகமாக நடந்துவிட்டதை அவள் புரிந்துகொண்டு நின்றாள். கண்கள் நெருங்கின. கொஞ்சம் நகர்ந்தன, நின்றன, கொஞ்சம் நகர்ந்தன. இந்த நடை அவளுக்குத் தெரியும். ஒரு கால் சரியாக ஊன்ற முடியாதவர்களின் நடை. அவள் அடியைக் குறைத்துக்கொண்டாள். அவர் பார்வை அவளுடைய இடது முழங்கைக்கு அருகே வந்து நின்றது, பிறகு அவளோடு சேர்ந்து நகர்ந்தது. கபாஷிமா சுவரோடு ஒட்டி நின்று கண்ணை மூடிக்கொண்டார். கையில் எந்தப் பாரமும் தெரியவில்லை. கை குளிர்ந்திருந்தது மட்டும் உண்மை. நடைவழியில் எப்போதும் குளிர்தான் என்று அவள் தனக்குச் சொல்லிக்கொண்டாள்.

வீட்டு முன்வாசலில், காலணி கழற்றும் தாழ்ந்த இடத்துக்கு மேலே உள்ள படிவரை கொண்டுவந்து விட்டாள். "போயிட்டு வாங்க. பார்த்துப் போங்க." குனிந்து வணங்கி, நடைவழிக் கதவை மூடினாள்.

அறைக்குள் டைரக்டரின் வலது கை உயர்ந்திருந்தது. எல்லோரும் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அது மெல்ல இறங்கிப் போர்வையில் படிந்தது. வாய் திறந்தது.

"சூடாக்குங்க! ஓடுங்க!" என்றாள் மிட்சுயோ. தோமியே ஓடினாள். ஒரு கிண்ணம் கஞ்சி, ஊறிய பிளம் பழத்தின் சதை, ஆரஞ்சுச் சுளை இரண்டு. ஒவ்வொரு வாய்க்கும் தொண்டை ஏறி இறங்குவதைப் பார்த்துப் பார்த்து மிட்சுயோ ஊட்டினாள். கபாஷிமா அடுக்களையில் மூக்கைச் சிந்தும் சத்தம் கேட்டது.

"டாக்டர் முன்னாடியும் இதே மாதிரி சாப்பிடணும்," என்றாள் தோமியே, அண்ணனின் கையைப் பிடித்துக்கொண்டு. "நாளைக்கு ஒரு வேளை மட்டும், அண்ணே. என் பேரைக் காப்பாத்து."

அன்று தோமியே எடுத்துவந்து கொடுத்த காலணியைப் போட்டுக்கொண்டு, பின்வாசல் வழியாகத்தான் கபாஷிமா வீட்டுக்குப் போனார். யாரும் ஏனென்று கேட்கவில்லை. மிட்சுயோவின் காலணியும் மழைக்கோட்டும் எப்போதும் பின்வாசலில்தான் இருக்கும். அவளும் அப்படியே போனாள்.

மறுநாள் காலை மிட்சுயோ தெரு திரும்பியபோது, தோமியே வீட்டுக்கு வெளியே பனியில் நின்றுகொண்டிருந்தாள். வீட்டுக்குள் போடும் துணிச் செருப்பு நனைந்து கறுத்திருந்தது. கையில் செய்தித்தாள்.

"என்ன இங்க நிக்கறீங்க? கால் விறைச்சுடும்."

"பேப்பர் எடுக்கப் பின்வாசல் வழியா சுத்தி வந்தேன். முன்கதவு கண்ணாடியில பார்த்தேன்." தோமியேவின் பல் தந்தியடித்தது. "உள்ள படியில ஒருத்தர் உக்காந்திருக்கார், மிட்சுயோ-சான். வீட்டுக்கு முதுகைக் காட்டிக்கிட்டு. என் சலூன்ல முறை வர்ற வரைக்கும் உக்காந்திருப்பாங்களே, அப்படி. இடது காலை நீட்டி வெச்சிருக்கார்."

கால் விஷயத்தை மிட்சுயோ யாரிடமும் சொல்லியிருக்கவில்லை.

"டைரக்டர் சாப்பிட்டாரா?"

"கொடுத்தேன். வாயைத் திறக்கலை. கதவுப் பக்கமே பார்த்துக்கிட்டிருக்கார். காலையிலேர்ந்து கையைத் தூக்கினவர் இறக்கலை." அவள் அழ ஆரம்பித்தாள். "டாக்டர் வர்ற நேரம்."

மிட்சுயோ முன்கதவின் பனி படிந்த கண்ணாடியைப் பார்த்தாள். உள்ளே இருட்டாக இருந்தது. ஏதோ இருந்தது என்றும் சொல்லலாம், குடை வைக்கும் சாடி என்றும் சொல்லலாம். அவள் கதவை இழுத்துத் திறந்தாள். கீழே சிமெண்டுத் தரை. மேலே மரப்படி. ஓரத்தில் காலணி அலமாரி. தரையில் ஒரு ஜோடிக் காலணிகூட இல்லை.

அப்போதுதான் அவள் தன் நெற்றியில் அடித்துக்கொண்டாள். வயசாகி என்ன பயன்? விருந்தாளியை எழுப்பிக் கூட்டிவந்து, போய் வாருங்கள் என்று வணங்கிவிட்டு, காலணியை எடுத்து வைக்காமல் போயிருக்கிறாள். வெளியே முழங்கால்வரை பனி. அந்த மனிதர் எதைப் போட்டுக்கொண்டு போவார்? எழுந்து உள்ளே போவதும் மரியாதை இல்லை, வெறுங்காலோடு தெருவில் இறங்குவதும் மரியாதை இல்லை. விடிய விடிய அங்கேயே உட்கார்ந்திருக்கிறார்.

அலமாரியின் கீழ்த்தட்டில் டைரக்டர் குளிர்காலப் படப்பிடிப்புக்குப் போட்ட பூட்ஸ் இருந்தது. அதை எடுத்து, உள்ளே கையை விட்டுச் சிலந்திக்கூட்டைத் துடைத்தாள். நாடாவைத் தளர்த்தி, வாயை அகட்டினாள். விருந்தாளிக்கு வைப்பதுபோல நுனி வெளிப்பக்கம் பார்க்க, படிக்குக் கீழே சேர்த்து வைத்தாள்.

"ஐயா, என் தப்புதான். மன்னிச்சுக்கணும். இது கொஞ்சம் பெரிசா இருந்தாலும் ஈரம் ஏறாது. முதல்ல நல்ல காலை விடுங்க."

காலணி மாட்டுபவரை உற்றுப் பார்க்கக் கூடாது. அவள் திரும்பி, தெருவைப் பார்த்தபடி, தோளைக் கொஞ்சம் தாழ்த்திக் கொடுத்து நின்றாள். பின்னால் தோல் முறுகும் சத்தம் கேட்டது. பிறகு நெடுநேரம் ஒன்றுமில்லை. பிறகு இரண்டாவது பூட்ஸ் தரையில் இழுபட்டது.

தோளில் ஒரு கை விழுந்தது.

வாழ்நாள் முழுக்க அவள் தோளில் விழுந்த கைகளைப் போலத்தான் இருந்தது. ஒல்லியான மனிதர். பாரம் முழுவதும் ஒரு பக்கமாகச் சாய்ந்தது. அவள் முழங்காலை மடக்கி, பாரத்தை இடுப்புக்கு வாங்கி, பயிற்சியில் சொன்னபடி மூச்சை விட்டு நிமிர்ந்தாள். "இப்போ வாசப்படி. தூக்கி வைங்க. சரி. இப்போ பனி. வழுக்கும்." தோமியே முகத்தைச் செய்தித்தாளால் மூடிக்கொண்டு வேலியோரம் குந்தியிருந்தாள். மிட்சுயோ அவளைத் தாண்டி, தெருவைத் தாண்டி, கடல்சுவரை ஒட்டிய பாதைவரை போனாள். அங்கே தோளிலிருந்து பாரம் இறங்கியது. யாரோ நன்றி சொல்லும்போது லேசாகத் தட்டுவதுபோல் இருந்தது. அவள் யாரையும் பார்க்காமல் குனிந்து வணங்கிவிட்டுத் திரும்பினாள்.

வாசலில் பூட்ஸ் இல்லை.

"அந்தப் பழைய பூட்ஸை இனிமே தேடாதீங்க," என்று தோமியேவைக் கைபிடித்து எழுப்பினாள். "காலை வெந்நீர்ல வைங்க, மொதல்ல."

டாக்டரின் கார் தெருமுனையில் திரும்புவது கேட்டது. மிட்சுயோ முழங்கைவரை சோப்புப் போட்டுக் கழுவிக்கொண்டு கஞ்சியை அடுப்பில் வைத்தாள். தோமியே வெந்நீரில் கால் வைக்கவில்லை. உப்பு ஜாடியைத் தூக்கிக்கொண்டு முன்வாசலுக்குக் கிளம்பியிருந்தாள், சாவு வீட்டுக்குப் போய் வந்தால் தூவுவதுபோல் வாசலில் தூவுவதற்கு.

"கொடுங்க இப்படி," என்று மிட்சுயோ ஜாடியை வாங்கினாள். "வந்தவர் மரியாதையா வந்தார், மரியாதையா போனார். உப்பைத் தூவி அவமானப்படுத்தாதீங்க." இரண்டு விரலால் ஒரு சிட்டிகை எடுத்துக் கஞ்சியில் போட்டுக் கலக்கினாள்.

டாக்டர் கோட்டைக் கழற்றிக்கொண்டு உள்ளே வந்தபோது, உசாமி தெய்ஸோ மூன்றாவது வாய்க்காக வாயைத் திறந்துகொண்டிருந்தார்.